கணினிக்குக் காது கேட்கவில்லை

உங்கள் வீட்டு அலமாரியின் மேல்தட்டில் பழைய பிஸ்கட் டின் ஒன்று இருக்கிறதா? அதற்குள் இரண்டு மூன்று கேசட்டுகள் கிடக்கின்றனவா? இருந்தால், நான் சொல்லப்போவதைக் கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள். எனக்கு நேர்ந்த சிரமம் உங்களுக்கு நேராமல் இருக்கட்டும் என்றுதான் எழுதுகிறேன்.

நான் குடியிருப்பது பினாங்கில், சுங்கை பினாங் பகுதியில் ஓர் அடுக்குமாடி வீட்டில். வேலை செய்வது பாலத்துக்கு அக்கரையில், செபராங் பிறையில் ஒரு தோட்டப் பள்ளிக்கூடத்தில். எங்களுக்குக் கீழ்மாடியில் ஒரு பாட்டி இருக்கிறார். முப்பது வருடத்துக்கு மேல் பால்மரம் வெட்டியவர். தோட்டம் கைமாறி வீடமைப்புக்குப் போனபோது, மகனோடு ஆற்றோரத்தில் ஒரு பலகை வீட்டுக்குக் குடிவந்தார். பிறகு இந்த அடுக்குமாடிக்கு வந்தார்.

ஒரு நாள் மாலை நான் பள்ளியிலிருந்து திரும்பும்போது பாட்டி படிக்கட்டில் எனக்காகக் காத்திருந்தார். கையில் ஒரு கேசட். மேலே ஒட்டிய தாள் பழுப்பேறி, எழுத்து அழிந்து, ‘86’ என்ற எண் மட்டும் தெரிந்தது.

“வாத்தியார் தம்பி, இதுல எங்க வீட்டுக்காரரு பாடினது இருக்கு. தோட்டத்து மாரியம்மன் திருவிழாவுல, அவரே தப்பு அடிச்சுப் பாடினாரு. வர்ற கார்த்திகையில அவருக்குத் தெவசம். அன்னிக்கு ஒரு வாட்டி கேட்டுட்டா எனக்குப் போதும்.”

“பாட்டி, உங்கள் வீட்டில் டேப்ரெக்கார்டர் இல்லையா?”

“அது வெள்ளத்துல போச்சு தம்பி. இது மட்டும் அலமாரி மேல டின்னுல இருந்துச்சு, தப்பிச்சுக்கிச்சு.”

வெள்ளம் என்றால் எந்த வெள்ளம் என்று எங்கள் பகுதியில் யாரும் கேட்பதில்லை. 2017 நவம்பர் 4, 5 தேதிகளில் பினாங்கையே புரட்டிப் போட்ட வெள்ளம்தான் அது. கட்டில், மெத்தை, குளிர்பதனப் பெட்டி எல்லாம் மிதந்த வீட்டில் ஒரு கேசட் தப்பியது என்றால், அதற்கும் ஓர் ஆயுள் இருக்கிறது என்றுதான் நான் நினைத்தேன்.

“ஒரு வாட்டி என்ன பாட்டி, ஆயிரம் வாட்டி கேட்கலாம். கணினியில் ஏற்றித் தருகிறேன்” என்று வீறாப்பாகச் சொல்லிவிட்டேன். அதற்குக் காரணம் இருந்தது. என் அப்பாவின் பழைய கேசட்டுகள் இரண்டை அந்த ஆண்டு தொடக்கத்தில் இதே கணினியில் ஏற்றியிருந்தேன். டேப்ரெக்கார்டரிலிருந்து ஒரு கம்பி, கணினியில் ‘ஆடாசிட்டி’ என்ற மென்பொருள், அவ்வளவுதான் வேலை.

ஆடாசிட்டியைப் பற்றித் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. அது ஒலியைப் பதிவு செய்யவும், வெட்டவும், ஒட்டவும், இரைச்சலைக் குறைக்கவும் உதவுகிற மென்பொருள். காசு கிடையாது. அமெரிக்காவில் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் டொமினிக் மட்சோனி, ரோஜர் டன்னன்பர்க் என்ற இருவர் 1999-இல் தொடங்கிய வேலை அது. 2000-இல் எல்லாருக்கும் வெளியிடப்பட்டது. இன்று உலகம் முழுவதும் பள்ளிப் பிள்ளைகள் முதல் வானொலிக்காரர்கள் வரை அதைப் பயன்படுத்துகிறார்கள்.

ஆனால் அன்பர்களே, இடையில் ஒன்று நடந்திருந்ததை நான் மறந்துவிட்டேன். விண்டோஸ் 10 இயங்குதளத்துக்கு வழக்கமான பாதுகாப்புத் திருத்தங்கள் 2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு நிறைவு பெறும் என்று அறிவிப்பு வந்திருந்தது. என் கணினி 2019-இல் வாங்கிய மேசைக் கணினி. விண்டோஸ் 11-க்கு மாறத் தகுதியுள்ளது, செலவும் இல்லை என்று தெரிந்ததும், தீபாவளிக்கு முன்பே மாற்றிவிட்டேன். மாற்றிய பிறகு பள்ளிக்கூட வேலைகளை எழுதினேன், அச்சிட்டேன். ஒலி சம்பந்தமான எதையும் அதில் தொட்டுப் பார்க்கவில்லை.

பாட்டியின் கேசட்டைக் கொண்டுவந்து வைத்த இரவுதான் விஷயம் தெரிந்தது. கணினியில் சத்தமே இல்லை. ஆடாசிட்டியைத் திறந்தால், ஒலிச் சாதனம் எதுவும் அதன் பட்டியலில் இல்லை. பதிவுப் பொத்தானை அழுத்தினால், சாதனத்தைத் திறக்க முடியவில்லை என்று ஓர் அறிவிப்பு வந்தது. கம்பியைப் பிடுங்கிச் செருகினேன். கணினியை அணைத்துப் போட்டேன். ஆடாசிட்டியை நீக்கிவிட்டு மறுபடி ஏற்றினேன். ஒன்றும் நடக்கவில்லை.

இந்த ஆர்ப்பாட்டத்தில் நான் செய்த பெரிய பிழை வேறு. ஒவ்வொரு முறையும் பாட்டியின் கேசட்டையே ஓடவிட்டுப் பார்த்தேன். நான்காவது முறை டேப்ரெக்கார்டர் நாடாவைக் கடித்துவிட்டது. மூடியைத் திறந்தால், பழுப்பு நாடா உருளையில் சுற்றிக்கொண்டு வெளியே தொங்குகிறது. அந்த நிமிடம் என் வயிறு கலங்கியதை எப்படிச் சொல்வேன்! பெண்சாதி விளக்கைப் பிடிக்க, நான் மெல்ல மெல்ல நாடாவை விடுவித்து, பென்சிலை ஓட்டையில் விட்டுத் திருகிச் சுற்றினேன். அறுபடவில்லை. ஓர் இடத்தில் கசங்கல் மட்டும் விழுந்தது.

கேசட் நாடா என்பது என்ன? மெல்லிய பிளாஸ்டிக் பட்டை, அதன்மேல் பூசிய காந்தத்தூள். பிலிப்ஸ் நிறுவனம் 1963-இல் அறிமுகப்படுத்திய இந்தக் கேசட்டில், நாடாவின் அகலம் 4 மில்லிமீட்டர்கூட இல்லை. நொடிக்கு 4.76 சென்டிமீட்டர் வேகத்தில் ஓடுகிறது. அந்தத் தூளில்தான் குரல் இருக்கிறது. நம் ஊர் வெக்கையும் ஈரமும் அதற்கு எமன். பூஞ்சை பிடிக்கும், ஒட்டிக்கொள்ளும், தூள் உதிரும். ஓடவிடும் ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் தேய்மானம்தான். அப்படிப்பட்ட ஒன்றை நான் சோதனைக்காக நான்கு முறை ஓட்டியிருக்கிறேன்! வாத்தியாருக்கு அறிவு வேண்டாமா?

மறுநாள் கணினியைத் தூக்கிக்கொண்டு ஒரு பழுதுபார்க்கும் கடைக்குப் போனேன். அங்கிருந்தவர் ஐந்து நிமிடம் பார்த்தார். “சவுண்ட் போயிருச்சு சார். போர்டு மாத்தணும். 450 வெள்ளி ஆகும்” என்றார். நான் யோசித்துச் சொல்கிறேன் என்று திரும்பி வந்துவிட்டேன். யோசனைக்குக் காரணம் 450 வெள்ளிதான், வேறில்லை.

மறுநாள் வகுப்பில் என் முகம் சரியில்லை போலிருக்கிறது. ஆறாம் ஆண்டுப் பையன் ஒருவன், “என்ன ஐயா?” என்று கேட்டான். சொன்னேன். அவன் கொஞ்சம் யோசித்துவிட்டு, “ஐயா, அப்கிரேட் செய்றதுக்கு முன்னால பாடிச்சு. அப்கிரேட் செஞ்ச பின்னால பாடல. அப்ப சரியா அன்னிக்குத்தான் போர்டு கெட்டுப் போச்சா?” என்றான்.

எனக்குச் சுருக்கென்றது. நான் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்பதை ஒரு பிள்ளை எனக்குச் சொல்லிக் கொடுக்கிறான். ஒரு பொருள் எப்போது கெட்டது என்று பார். அதற்குச் சற்று முன்னால் எது மாறியது என்று பார். அறிவியல் பாடத்தில் இதைத்தானே சொல்கிறோம்?

அன்று மாலை படிக்கட்டில் பாட்டி மறித்தார். “என்ன தம்பி, ஆச்சா?”

“இல்லை பாட்டி. கணினியில் டிரைவர் சரியில்லை என்று நினைக்கிறேன்.”

“அப்ப வேற டிரைவரைக் கூப்பிட வேண்டியதுதானே? நம்ம பேரன் லோரி ஓட்டுறானே, அவனை வரச் சொல்லட்டுமா?”

சிரித்துவிட்டேன். பிறகு அவருக்குப் புரியும்படி விளக்கினேன். அதையே உங்களுக்கும் சொல்கிறேன், தோட்டத்து மக்களுக்கு இது சட்டென்று விளங்கும்.

அந்தக் காலத்துத் தோட்டத்தை நினைத்துக்கொள்ளுங்கள். மேலே துரை. கீழே வேலைக்காரர்கள். துரைமாரில் சிலர் தமிழ் படித்துக்கொண்டதும் உண்டு. ஆனாலும் கணக்கு, காகிதம், சம்பளம் எல்லாம் நடுவில் இருந்த கிராணி வழியாகத்தான் நடந்தன. துரை சொல்வது கிராணிக்குத் தெரியும், ஆள் சொல்வதும் கிராணிக்குத் தெரியும். கணினியில் துரை என்பது இயங்குதளம். வேலைக்காரன் என்பது ஒலியைத் தரும், வாங்கும் சிறு சில்லு. நடுவில் இருக்கும் கிராணிதான் டிரைவர் என்கிற சிறு மென்பொருள். ஆடாசிட்டி போன்ற மென்பொருள்கள் வெளியிலிருந்து வந்து ஆபீஸ் வாசலில் நிற்கிறவர்கள். அவர்கள் நேராக வேலைக்காரனிடம் போக முடியாது. துரையிடம் கேட்டு, கிராணி வழியாகத்தான் போகவேண்டும்.

இப்போது புதுத் துரை வந்துவிட்டார். பழைய கிராணிக்கு அவருடைய முறைகள் பிடிபடவில்லை. வேலைக்காரன் நல்ல உடம்போடு லயத்தில் உட்கார்ந்திருக்கிறான், அவன் பெயர் மட்டும் பிரட்டில் இல்லை! என் கணினியின் கதை இதுதான். எதுவும் எரியவில்லை.

“அப்ப கிராணியை மாத்து தம்பி” என்றார் பாட்டி. அவ்வளவுதான் விஷயம்.

அன்றிரவு ஒரு தாளை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். மேலே எழுதினேன்: ‘ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்று. மாற்றியதை எழுதிவை. பிறகு சோதி.’ பாட்டியின் கேசட்டை உறையில் போட்டு அலமாரியில் வைத்துப் பூட்டினேன். சோதனைக்கு வேண்டாத ஒரு சினிமாப் பாட்டுக் கேசட்டை எடுத்துக்கொண்டேன்.

முதலில் கிராணி. விண்டோஸில் தொடக்கப் பொத்தானின்மேல் வலப்பக்கச் சொடுக்கு கொடுத்து, ‘டிவைஸ் மேனேஜர்’ என்பதைத் திறந்தேன். கணினிக்குள் இருக்கும் உறுப்புகள் எல்லாம் அங்கே வரிசையாக இருக்கும். ஒலிச் சாதனத்தின் பெயருக்கு அருகில் மஞ்சள் முக்கோணத்தில் ஓர் ஆச்சரியக்குறி. இது நல்ல சகுனம் அன்பர்களே! உறுப்பு செத்திருந்தால் அனேகமாகப் பெயரே வந்திருக்காது. பெயர் இருக்கிறது, குறி இருக்கிறது என்றால், ஆள் இருக்கிறான், கிராணிதான் சரியில்லை என்று பெரும்பாலும் எடுத்துக்கொள்ளலாம்.

என் கணினியைத் தயாரித்தவர்களின் இணையப் பக்கத்துக்குப் போய், பெட்டியின் பின்னால் ஒட்டியிருந்த மாடல் எண்ணைக் கொடுத்தேன். விண்டோஸ் 11-க்கு உரிய ஒலி டிரைவர் அங்கே இருந்தது. அதை இறக்கிக்கொண்டு, பழைய டிரைவரை ‘அன்இன்ஸ்டால்’ செய்து, கணினியை மறுபடி தொடங்கி, புதியதை ஏற்றினேன். மஞ்சள் முக்கோணம் போயிற்று. டிங் என்று ஒரு சத்தம் வந்தது பாருங்கள், என் பெண்சாதி அடுப்படியிலிருந்து ஓடிவந்துவிட்டாள்.

இங்கே ஓர் எச்சரிக்கை. இணையத்தில் டிரைவரைத் தேடினால், ‘உங்கள் டிரைவர்களையெல்லாம் நாங்கள் சரிசெய்கிறோம்’ என்று பளபளக்கும் விளம்பரங்கள் வரும். அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்காதீர்கள். அவற்றில் பல வேண்டாத குப்பையை ஏற்றும், சில காசைப் பிடுங்கும். கணினி தயாரித்தவரின் பக்கம் அல்லது விண்டோஸின் சொந்தப் புதுப்பிப்பு, இந்த இரண்டு வழிகளே போதும்.

அடுத்து ஆடாசிட்டி. அதைத் திறந்து வைத்துக்கொண்டே சாதனத்தை மாற்றினால் அதற்குத் தெரியாது. ‘ஆடியோ செட்டப்’ பொத்தானை அழுத்தி, ‘ரீஸ்கேன் ஆடியோ டிவைசஸ்’ என்று கொடுத்தால் மறுபடி பிரட்டு எடுக்கும். எடுத்தது. பட்டியலில் மைக் வந்தது. மகிழ்ச்சியோடு பதிவுப் பொத்தானை அழுத்தினேன். மறுபடி அதே அறிவிப்பு! சாதனத்தைத் திறக்க முடியவில்லை.

அந்தப் பொத்தானிலேயே ‘ஹோஸ்ட்’ என்று ஒன்று உண்டு. அதில் எம்எம்இ, டைரக்ட் சவுண்ட், வாசாபி என்று மூன்று இருக்கும். விண்டோஸோடு ஒலி பேசும் மூன்று பாதைகள் அவை. முதலாவது 1990-களின் தொடக்கத்துப் பழைய பாதை. கடைசியானது விண்டோஸ் விஸ்டாவோடு வந்தது. ஒன்று அடைத்திருந்தால் இன்னொன்று திறந்திருக்கலாம். ஆகவே மூன்றையும் மாற்றி மாற்றிப் பார்த்தேன். மூன்றும் அடைப்பு. பதிவு வேகமும் இடிக்கலாம் என்று படித்திருந்தேன். நொடிக்கு 44,100 மாதிரிகள் என்பது ஒலித்தட்டின் கணக்கு, 48,000 என்பது காணொளியின் கணக்கு. விண்டோஸில் ஒன்றும் ஆடாசிட்டியில் ஒன்றுமாக இருந்தால் சில வேளை தகராறு வரும். இரண்டையும் 48,000 என்று ஒன்றாக்கினேன். அப்போதும் இல்லை.

மணி பன்னிரண்டு ஆயிற்று. கார்த்திகைக்கு அதிக நாளும் இல்லை. அப்போதுதான் என் தாளை மேலிருந்து கீழாக மறுபடி படித்தேன். அப்கிரேட் செய்த மறுநாள் என்ன செய்தேன் என்று யோசித்தேன். நினைவு வந்தது! ஏமாற்றுக்காரர்கள் கணினி வழியாக வீட்டில் பேசுவதை ஒட்டுக்கேட்கிறார்கள் என்று யாரோ சொன்னதைக் கேட்டுப் பயந்து, ‘செட்டிங்ஸ்’ பக்கத்தில் ‘பிரைவசி அண்ட் செக்யூரிட்டி’ என்ற பகுதிக்குப் போய், கண்ணில் பட்ட எல்லாவற்றையும் அணைத்து வைத்தேனே!

ஓடிப்போய்ப் பார்த்தேன். ‘மைக்ரோஃபோன்’ என்ற தலைப்பின் கீழ் எல்லாம் அணைந்திருந்தன. அங்கே மேலே ஒரு விசை, கணினிக்கே மைக்கைப் பயன்படுத்த அனுமதி. அடுத்தது கடைச்சரக்கு ஆப்களுக்கு. அதற்கும் கீழே, ‘டெஸ்க்டாப் ஆப்ஸ்’ என்ற வகைக்குத் தனியாக ஒரு விசை. ஆடாசிட்டி அந்தக் கடைசி வகையைச் சேர்ந்தது. அந்த விசைகள் திறந்தாலொழிய, டிரைவர் நன்றாக இருந்தாலும் ஒலி உள்ளே போகாது.

ஆக, யாரைக் குற்றம் சொல்வது? கணினியின் காதைப் பொத்தியது நானேதான். பொத்திவிட்டு, செவிடு என்று கடைக்குத் தூக்கிக்கொண்டு போயிருக்கிறேன். அந்தப் பாதுகாப்பு தப்பல்ல. வேண்டியதுதான். ஆனால் எதைப் பூட்டுகிறோம் என்று எழுதி வைத்துக்கொண்டு பூட்டவேண்டும்.

விசையைத் திறந்தேன். பதிவுப் பொத்தானை அழுத்தினேன். திரையில் நீலக் கோடு மேலும் கீழும் துள்ளி ஓடியது. சினிமாப் பாட்டு கணக்காக ஏறியது.

இனிப் பாட்டியின் கேசட். அதை ஓடவிடும் முன், இரண்டு பக்கமும் முழுக்க ஒருமுறை வேகமாகச் சுற்றித் திருப்பினேன். பல வருடம் அசையாமல் இருந்த நாடா இதனால் கொஞ்சம் தளரும். டேப்ரெக்கார்டரின் தலைப்பகுதியைப் பஞ்சில் ஆல்கஹால் தொட்டுத் துடைத்து, காயவிட்டேன். பிறகு அழுத்தினேன்.

நாற்பது ஆண்டுக்கு முந்திய ஓர் ஆண்குரல் என் வீட்டுக்குள் எழுந்தது. ஆனால் குரல் மட்டும்தான் தெளிவு. தப்பு ஓசை ஓர் அடி கேட்கிறது, அடுத்த அடி அமுங்கிப் போகிறது. யாரோ தப்பின்மேல் துணியைப் போட்டு எடுப்பதுபோல் இருந்தது. நாடா கெட்டுவிட்டதா என்று பதறிப்போய் நிறுத்தினேன். கம்பியைப் பிடுங்கி டேப்ரெக்கார்டரின் சொந்த ஒலிபெருக்கியில் கேட்டேன். தப்பு கணீரென்று இருக்கிறது! அப்படியானால் நாடாவில் குறையில்லை, கணினிதான் எதையோ விழுங்குகிறது.

இதற்கும் காரணம் இருந்தது. புது டிரைவரில் ‘ஆடியோ என்ஹான்ஸ்மென்ட்ஸ்’ என்ற வசதி தானாகவே இயங்கிக்கொண்டிருந்தது. மைக்கில் பேசுகிறவரின் குரலை மட்டும் வைத்துக்கொண்டு, மின்விசிறிச் சத்தம், தட்டும் சத்தம் போன்றவற்றை இரைச்சல் என்று நீக்கும் வசதி அது. கூட்டங்களில் பேசுவதற்கு மிக நல்லது. ஆனால் அதற்குத் தப்பு என்றால் என்ன தெரியும்? தட்டுகிற சத்தம், ஆகவே இரைச்சல், ஆகவே நீக்கிவிடு. விண்டோஸில் ‘சவுண்ட்’ பகுதிக்குப் போய், பதிவுச் சாதனத்தைத் தேர்ந்து, அந்த வசதியை ‘ஆஃப்’ என்று வைத்தேன். அத்தோடு இன்னொரு பிழையையும் திருத்தினேன். கம்பியை நான் இளஞ்சிவப்புத் துளையில் செருகியிருந்தேன். அது மைக்குக்கு உரியது, மெல்லிய ஒலியைப் பெருக்குவது. டேப்ரெக்கார்டரிலிருந்து வருவது பலமான ஒலி. அதற்கு உரியது நீலத் துளை. மேசைக் கணினி வைத்திருப்பவர்கள் பின்னால் பாருங்கள், பலவற்றில் இருக்கும். மடிக்கணினியில் பெரும்பாலும் ஒரே துளைதான். அதற்குத் தனியாக ஒலி உள்வாங்கும் யுஎஸ்பி கருவி வாங்கிக்கொள்ள வேண்டும்.

இந்த முறை தப்பும் குரலும் சேர்ந்து ஏறின. ஒரு பக்கம் முப்பது நிமிடம். நான் மூச்சு விடாமல் உட்கார்ந்திருந்தேன்.

பதிவானதும் என் சாமர்த்தியத்தைக் காட்ட ஆரம்பித்தேன். ஆடாசிட்டியிலும் இரைச்சல் குறைக்கும் கருவி உண்டு. நாடாவின் ‘உஸ்’ சத்தத்தைக் குறைத்தேன். நடுநடுவே இருந்த நாய்க்குரைப்பு, பிள்ளை அழுகை, யாரோ கத்தியது, எல்லாவற்றையும் வெட்டினேன். பாட்டு மட்டும் இருபத்திரண்டு நிமிடம் பளிச்சென்று வந்தது. நல்ல வேளையாக, முதலில் பதிந்த முழு ஒலியைத் தனியாகச் சேமித்து வைத்திருந்தேன்.

தெவசத்தன்று படையல் முடிந்ததும் பாட்டி வீட்டுக்குக் கணினியைத் தூக்கிக்கொண்டு போனேன். பிள்ளைகள், பேரப்பிள்ளைகள் எல்லாரும் சுற்றி உட்கார்ந்தார்கள். வெட்டிச் செப்பனிட்டதைப் போட்டேன். பாட்டி கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். முடிந்ததும், “அவரு குரல்தான். நல்லா இருக்கு தம்பி” என்றார். ஆனால் முகத்தில் ஏதோ குறை.

“என்ன பாட்டி?”

“இல்ல தம்பி... கோயில்ல நாங்க எல்லாம் இருந்தோமே. ஒருத்தரையும் காணோமே.”

எனக்கு உறைத்தது. ஒன்றும் பேசாமல், முழுப் பதிவை எடுத்துப் போட்டேன். உஸ் என்ற சத்தத்தோடு தோட்டம் திறந்துகொண்டது. நாய் குரைத்தது. “அது கங்காணி வீட்டு நாய்” என்றார் பாட்டி. பிள்ளை அழுதது. “இந்தா, இது எங்க மூத்தவன். அப்ப அவனுக்கு ரெண்டு வயசு.” நாற்பதைத் தாண்டிய அந்த மூத்தவர் தலையைக் குனிந்துகொண்டு சிரித்தார். பிறகு தப்பு வேகம் ஏறியது. அப்போது ஓர் இளம்பெண்ணின் குரல், “மெதுவா அடிங்க, புள்ள பயப்படுது!” என்று கத்தியது.

பாட்டி வாயைப் பொத்திக்கொண்டார். “அது யாரு பாட்டி?” என்றாள் ஒரு பேத்தி.

“நான்தாண்டி.”

அந்தக் குரலை நான் வெட்டித் தூர எறிந்திருந்தேன், அன்பர்களே. கணினி தப்பை இரைச்சல் என்று நினைத்தது. நான் பாட்டியையே இரைச்சல் என்று நினைத்துவிட்டேன். இரண்டு பேருக்கும் என்ன வித்தியாசம்?

எங்கள் பகுதிக்கு அருகில்தான் பி. ரம்லி பிறந்து வளர்ந்த வீடு இருக்கிறது. முன்பு கவுன்டர் ஹால் ரோடு என்றிருந்த அந்தத் தெரு இன்று அவர் பெயரால் அழைக்கப்படுகிறது. 1929-இல் பிறந்து 1973-இல் மறைந்த அந்தக் கலைஞரின் குரலை இன்றும் நாம் கேட்கிறோம். இசைத்தட்டும் படமும் இருந்ததால் அந்தக் குரல் நின்றது. நம் தோட்டங்களில் பாடியவர்களைத் தேடி எத்தனை பேர் மைக்கோடு வந்தார்கள்? யாரோ ஒருவர் சம்பளத்தில் வாங்கிய டேப்ரெக்கார்டரை மடியில் வைத்துக்கொண்டு பதிந்ததுதான் மிச்சம். அந்தத் தோட்டங்களில் பல இன்று வீடமைப்பும் தொழிற்சாலையும் ஆகிவிட்டன. அவற்றின் ஓசை பிஸ்கட் டின்களில் மட்டும் இருக்கிறது.

ஆகவே நான் பட்டதிலிருந்து சில வார்த்தைகள். கணினியை அப்கிரேட் செய்யும் முன், முக்கியமானவற்றைப் பெண்டிரைவில் படியெடுத்து வையுங்கள். உங்கள் மாடலுக்குப் புது இயங்குதளத்தின் ஒலி டிரைவர் இருக்கிறதா என்று தயாரித்தவரின் பக்கத்தில் முன்பே பாருங்கள். செய்த பின் ஒலி போனால் பதறாதீர்கள். முதலில் டிரைவர், அடுத்து மைக் அனுமதி, பிறகு ஆடாசிட்டியின் சாதனப் பட்டியல், கடைசியாக ஒலி மேம்பாட்டு வசதி, இந்த வரிசையில் ஒவ்வொன்றாகப் பாருங்கள். எதுவும் ஒத்துவராவிட்டால், மாற்றிய பத்து நாளுக்குள் பழைய இயங்குதளத்துக்கே திரும்பவும் விண்டோஸில் வழி உண்டு. ‘செட்டிங்ஸ்’ பக்கத்தில் ‘ரெக்கவரி’ என்பதில் பாருங்கள். எரிந்துவிட்டது என்று யாராவது சொன்னால், எதனால் அப்படிச் சொல்கிறீர்கள் என்று ஒரு கேள்வி கேட்டுவிட்டுப் பணத்தை எடுங்கள்.

கேசட்டைச் சோதனைக்கு ஓட்டாதீர்கள். எல்லாம் சரியான பிறகு ஒரே முறை ஓட்டுங்கள். ஆடாசிட்டியில் ‘சேவ்’ செய்தால் அது ஆடாசிட்டிக்கு மட்டும் புரியும் கோப்பு. மற்ற இடங்களில் கேட்க ‘எக்ஸ்போர்ட்’ செய்து ‘வேவ்’ கோப்பாக எடுங்கள். இரண்டு பக்க ஒலியாக எடுத்தால் நிமிடத்துக்குப் பத்து மெகாபைட் அளவுதான் ஆகும். முப்பது நிமிடம் 300 மெகாபைட், இன்றைய பெண்டிரைவுக்கு அது ஒரு மூலை. இரண்டு மூன்று இடங்களில் படியெடுத்து வையுங்கள். யார் பாடியது, எந்தத் தோட்டம், எந்த ஆண்டு என்று பெயரிலேயே எழுதிவிடுங்கள். ‘86’ என்று மட்டும் எழுதிவிட்டுப் போகாதீர்கள்.

எதையும் வெட்டும் முன், அந்த இடத்தில் இருந்தவர் ஒருவரைப் பக்கத்தில் உட்காரவைத்துக் கேளுங்கள். அந்த நாயின் பெயரும் அழுத பிள்ளையின் பெயரும் அவருக்குத்தான் தெரியும்.

பாட்டிக்கு இப்போது பேரன் ஒரு சிறிய ஒலிபெருக்கி வாங்கிக் கொடுத்திருக்கிறான். சில மாலைகளில் நான் மாடி ஏறும்போது கீழ்வீட்டிலிருந்து தப்பு கேட்கும். அதற்கு மேலே ஓர் இளம்பெண் கத்துவாள். உடனே ஒரு முதிய குரல் சிரிக்கும்.

அந்த 450 வெள்ளி? அதில் ஒரு பகுதிக்கு நல்ல டேப்ரெக்கார்டர் ஒன்றை வாங்கி வைத்திருக்கிறேன். எங்கள் மாடியில் இன்னும் நான்கு வீட்டில் பிஸ்கட் டின் இருப்பதாகத் தகவல்.